ஒரே பெயரில் இரண்டு அண்டா

டர்பனில் நான் வேலை செய்யும் ஆய்வுக்கூடத்தின் சர்வரில் சென்ற ஆண்டு வெளிப்பட்ட ஒரு தவறைப் பற்றி எழுதிவிட வேண்டும் என்று பல மாதங்களாக நினைத்துக்கொண்டிருந்தேன். தவறு என்னுடையது, அதைக் கண்டுபிடித்தவர் எங்கள் கூடத்தில் முதுகலை ஆய்வு செய்யும் ஒரு மாணவி. சாட்ஸ்வொர்த்தில் பிறந்து வளர்ந்த அவர், பாட்டியிடமும் சனிக்கிழமை வகுப்பிலும் கற்ற தமிழை என்னிடம் பிடிவாதமாகப் பேசுவார். ஆகவே இந்த விவகாரம் தொடர்பான எங்கள் வாக்குவாதமும் பெரும்பாலும் தமிழிலேயே நடந்தது. அவர் "அண்ணா" என்று சற்று இழுத்துத் தொடங்கினாலே ஏதோ ஒரு கோளாறு வந்திருக்கிறது என்று எனக்குப் புரிந்துவிடும்.

அன்று அவர் இரண்டு அட்டவணைகளைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்தார். காசநோய்க் கிருமியின் புரதங்களை நொதியால் துண்டாக்கி, மாஸ் ஸ்பெக்ட்ரோமீட்டர் என்ற நிறை அளக்கும் கருவியில் செலுத்திப் பெற்ற ஒரே தரவுக் கோப்பை அவர் தம்முடைய மடிக்கணினியிலும் எங்கள் சர்வரிலும் தனித்தனியாக ஓட்டியிருந்தார். மென்பொருள் ஒன்று, அதன் வெளியீட்டு எண் ஒன்று, அமைப்புகளை எழுதிய கோப்பும் ஒன்று. ஆயினும் சர்வர் தந்த அட்டவணையில் மடிக்கணினி காட்டாத சில பெப்டைடுகள் இருந்தன. இரண்டிலும் பொதுவாக இருந்தவற்றிலும் சிலவற்றின் அளவுகள் மாறியிருந்தன. நான் அதை ஒரு பார்வை பார்த்துவிட்டு, ப்ராசசர் மாறினால் தசமத்தின் கடைசி இலக்கங்கள் மாறத்தான் செய்யும் என்று சொல்லி அனுப்பப் பார்த்தேன்.

"கடைசி இலக்கம் மாறினால் அளவு கொஞ்சம் மாறும், அண்ணா. இல்லாத பெப்டைடு எங்கிருந்து வரும்?" என்றார்.

என்னிடம் பதில் இல்லை. அந்தப் பதிலைத் தேடிப் போனபோது, பல ஆண்டுகளாக நான் தினமும் பயன்படுத்தியும் நின்று கவனிக்காத ஒரு வகைக் கோப்புகளிடம் போய்ச் சேர்ந்தேன். பல நிரல்கள் பொதுவில் எடுத்துப் பயன்படுத்தும் நிரல்பகுதிகள் அடங்கிய கோப்புகள் அவை. ஆங்கிலத்தில் ஷேர்ட் லைப்ரரி என்பார்கள். பகிர்வு நூலகக் கோப்பு என்று தமிழாக்கலாம். நூலகம் என்ற சொல்லைக் கேட்டதும் அலமாரியும் அமைதியும் நினைவுக்கு வருவதால் எனக்கு அந்த மொழிபெயர்ப்பில் முழு மனநிறைவு இல்லை; இங்கே லைப்ரரி என்றே எழுதுகிறேன்.

எங்கள் துறைக்கு வெளியே உள்ளவர்களுக்காகச் சிறிது பின்னணி. புரோட்டியோம் என்ற சொல்லை 1994-இல் மார்க் வில்கின்ஸ் உருவாக்கினார். ஓர் உயிரணுவிலோ திசுவிலோ ஒரு நேரத்தில் இருக்கும் புரதங்கள் அனைத்தையும் அது குறிக்கும். அவற்றை ஆராய்வது புரோட்டியோமிக்ஸ். காசநோய்க் கிருமியின் ஹெச்37ஆர்வி என்ற ஆய்வக வகையின் மரபணுத் தொகுதி 1998-இல் வெளியானது. அதில் ஏறத்தாழ 4,000 மரபணுக்கள் உள்ளன. புரதங்களை டிரிப்சின் என்ற நொதி லைசின், ஆர்ஜினின் ஆகிய அமினோ அமிலங்களை அடுத்து வெட்டுகிறது. அப்படிக் கிடைக்கும் துண்டுகளே பெப்டைடுகள். கருவி அவற்றை அடையாளம் காண்பதில்லை. நிறைக்கும் மின்னூட்டத்துக்கும் உள்ள விகிதத்தையும், அந்த விகிதத்தில் எவ்வளவு வந்து விழுந்தது என்பதையும் மட்டுமே பதிவு செய்கிறது. ஒரு மணி நேர ஓட்டத்தில் இத்தகைய பதிவுகளான நிறமாலைகள் பல்லாயிரம் சேர்ந்துவிடும். 1,000 டால்டன் (மூலக்கூறு நிறையின் அலகு) நிறையுள்ள ஒரு பெப்டைடுக்குப் பத்து லட்சத்தில் பத்துப் பங்கு பிழை அனுமதித்தால், அது 0.01 டால்டன். அந்த நூலிழை இடைவெளிக்குள் நிறமாலையில் உயர்ந்து நிற்கும் எந்தச் சிகரம் எந்தப் பெப்டைடுக்கு உரியது, எது வெறும் இரைச்சல் என்று தீர்மானிப்பது முழுக்க முழுக்க மென்பொருள்தான். மென்பொருளில் ஒரு வரி மாறினால் உயிரியல் மாறியதுபோல் தோன்றும்.

எங்கள் கூடத்தில் நாங்கள் ஓப்பன்எம்எஸ் என்ற திறந்த மூல மென்பொருளைப் பயன்படுத்துகிறோம். ஜெர்மனியின் டியூபிங்கன், பெர்லின் பல்கலைக்கழகங்களைச் சேர்ந்தவர்களும் சூரிக்கைச் சேர்ந்தவர்களும் வளர்த்தெடுத்த இது, சி++ மொழியில் எழுதப்பட்டது. அதன் முதல் விரிவான கட்டுரை 2008-இலும், நேச்சர் மெத்தட்ஸ் இதழ்க் கட்டுரை 2016-இலும் வந்தன. டாப் என்று சுருக்கி அழைக்கப்படும் நூற்றுக்கும் மேற்பட்ட சிறு கருவி நிரல்கள் அதில் உண்டு. ஒன்று சிகரங்களைப் பொறுக்கும், ஒன்று ஓட்டங்களை ஒன்றோடொன்று சீராக்கும், ஒன்று பொய்யான கண்டுபிடிப்புகளின் விகிதத்தைக் கணக்கிடும். ஆனால் இந்த நிரல்களைத் திறந்து பார்த்தால் பெரும்பாலானவை மெலிந்த ஓடுகளாகவே இருக்கும். உண்மையான வேலை முழுவதும் லிப்ஓப்பன்எம்எஸ்.எஸ்ஓ என்ற ஒரே பெரிய லைப்ரரிக் கோப்பில் இருக்கிறது. அந்தக் கோப்பும் தனித்து நிற்பதில்லை. எக்ஸ்எம்எல் படிக்க ஸெர்சிஸ், பல பொது வேலைகளுக்குப் பூஸ்ட், இன்னும் சிலவற்றுக்குக் க்யூட்டி, சுருக்கிய கோப்புகளை விரிக்க இசட்லிப், எல்லாவற்றுக்கும் அடியில் சி மொழியின் அடிப்படை லைப்ரரியான ஜிலிப்சி என்று ஒரு பெரிய குடும்பமே அதன் பின்னால் நிற்கிறது.

இந்த ஏற்பாட்டை மாணவிக்கு விளக்க எனக்குக் கோயில் அண்டாவே கைகொடுத்தது. ஆடி மாதத்தில் இங்குள்ள மாரியம்மன் கோயில்களில் கஞ்சி வார்ப்பார்கள். ஆங்கிலமே புழங்கும் இளையவர்கள் அதைப் பாரிட்ஜ் பிரேயர் என்பார்கள். ஐந்நூறு பேருக்குக் காய்ச்சும் அண்டாவை ஒவ்வொரு குடும்பமும் வாங்கி வைக்க வேண்டியதில்லை. கோயில் களஞ்சியத்தில் நான்கு இருந்தால் போதும். தேவைப்படுபவர் எடுத்துச் செல்லலாம். நூறு கருவிகளும் ஒரே கணக்கீட்டுப் பகுதியைத் தம்மிடம் தனித்தனியே வைத்திருந்தால் கணினியின் சேமிப்பு வட்டில் அதே பொருள் நூறு முறை நிறையும். பொதுவில் வைத்தால், ஒரே நேரத்தில் பல நிரல்கள் ஓடினாலும் அந்த நிரல்பகுதி நினைவகத்தில் ஒருமுறை ஏறினால் போதும். ஒரு பிழையைத் திருத்தினாலும் நூறு இடத்தில் திருத்த வேண்டியதில்லை. நன்மையெல்லாம் உண்மைதான். ஆனால் அண்டாவை எடுக்கப் போகிறவர், பொறுப்பாளர் கைகாட்டிய இடத்தில் முதலில் கண்ணில் பட்டதை எடுத்துவருவார் என்பதும் உண்மை.

அந்தப் பொறுப்பாளருக்கு லினக்ஸில் லோடர் என்று பெயர். ஒரு நிரலைத் தொடங்கியதும், அதற்குள் எழுதப்பட்டிருக்கும் தேவைப் பட்டியலை லோடர் முதலில் படிக்கிறது. பட்டியலில் இருப்பது கோப்பின் முழு முகவரி அன்று, வெறும் பெயர். பிறகு தேடல் ஒரு வரிசைப்படி நடக்கும். நிரலுக்குள்ளேயே ஆர்பாத் என்ற தடம் பதிக்கப்பட்டிருந்தால் அங்கே முதலில். அடுத்து எல்டி_லைப்ரரி_பாத் என்ற சூழல் மாறி (ஓடும் நிரல்கள் படிப்பதற்காகப் பயனர் எழுதி வைக்கும் மதிப்பு) சுட்டும் அடைவுகளில், அதாவது ஃபோல்டர்களில். அடுத்து, நிரலில் ரன்பாத் என்ற புதிய வகைத் தடம் இருந்தால் அதில். அதன் பிறகு எல்டிகான்ஃபிக் என்ற கட்டளை திரட்டி வைத்த கணினியின் பொதுப் பட்டியலில். கடைசியாக வழக்கமான கணினி அடைவுகளில். ரன்பாத் இருக்கும் நிரலில் ஆர்பாத் புறக்கணிக்கப்படும். இந்த வரிசையைப் பல ஆண்டுகளுக்கு முன்பே நான் படித்திருந்தேன். சூழல் மாறி ரன்பாத்துக்கு முன்னால் வருகிறது என்ற ஒரு சிறு விவரம் என் வாழ்க்கையில் இப்படி வந்து குறுக்கிடும் என்று அப்போது எண்ணவில்லை.

பெயர் என்றேன்; அதிலும் ஒரு நுணுக்கம் இருக்கிறது. லினக்ஸில் ஒரு லைப்ரரிக்குப் பொதுவாக மூன்று பெயர்கள் புழங்கும். எண் எதுவும் இல்லாத பெயர், மூல நிரலைக் கணினி ஓட்டக்கூடிய வடிவுக்குத் தொகுக்கும்போது (கம்பைல் செய்யும்போது) பயன்படும். முழு வெளியீட்டு எண்ணோடு கூடிய பெயர் உண்மையான கோப்புக்குரியது. இரண்டுக்கும் இடையில் முதன்மை எண்ணை மட்டும் தாங்கிய பெயர் ஒன்று இருக்கும். அந்த நடுப்பெயர்தான் எஸ்ஓநேம். அது கோப்பின் வெளியே ஒட்டிய சீட்டு அன்று. கோப்புக்கு உள்ளேயே எழுதப்பட்டிருப்பது. வெளிப்பெயரை நாம் எப்படி மாற்றினாலும் உள்ளே இருப்பது மாறாது. நம் வீடுகளில் பாத்திரத்தில் பெயர் வெட்டுவது போன்றது அது. லைப்ரரியை எழுதுபவர்கள் பழைய நிரல்களோடு ஒத்துவராத மாற்றத்தைச் செய்யும்போதெல்லாம் அந்த உட்பெயரில் உள்ள எண்ணை உயர்த்த வேண்டும் என்பது மரபு. அப்படிச் செய்தால் பழையதும் புதியதும் ஒரே கணினியில் சண்டையின்றி இருக்கும். மரபை எல்லோரும் கடைப்பிடிப்பதில்லை. அறிவியல் மென்பொருள்களில், எண்ணே இல்லாமல் வெறும் பெயரோடு வரும் லைப்ரரிகளை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். எங்கள் சர்வரில் நான் தொகுத்து வைத்திருந்த லிப்ஓப்பன்எம்எஸ்.எஸ்ஓ கோப்பிலும் எண் இல்லை.

லைப்ரரிகளால் வரும் தொல்லைகளில் பெரும்பாலானவை சத்தம் போடுபவை. அவற்றை நான் குறையாகவே சொல்ல மாட்டேன். தேவையான கோப்பு கிடைக்காவிட்டால் நிரல் ஒரு நொடிகூட ஓடாது. எந்தக் கோப்பைத் திறக்க முடியவில்லை என்று அதன் பெயரைச் சொல்லி, 127 என்ற வெளியேற்ற எண்ணோடு நின்றுவிடும். புதியவர்கள் இங்கே ஒரு குறுக்குவழியை நாடுவார்கள். ஸெர்சிஸ் 3.1 இல்லை, 3.2 இருக்கிறது என்றால், 3.1 என்ற பெயரில் 3.2-க்கு ஓர் இணைப்புக் கோப்பைச் செய்துவிடுவார்கள். நானும் செய்திருக்கிறேன். அடுத்த முறை கோப்பு கிடைத்துவிடும். ஆனால் அதற்குள் இருக்க வேண்டிய ஒரு சார்பை (ஃபங்க்ஷனை) காணவில்லை என்று நிரல் மறுபடியும் நிற்கும். காரணம், ஸெர்சிஸ் தன் சார்புகளின் உள்பெயர்களிலேயே வெளியீட்டு எண்ணைச் சேர்த்துவிடுகிறது. வம்பை வாசலிலேயே நிறுத்தும் நல்ல பழக்கம் அது.

2015-இல் வந்த ஜிசிசி 5 தொகுப்பி (கம்பைலர்) இன்னொரு பாடத்தைக் கற்றுக்கொடுத்தது. சி++ மொழியின் புதிய தரத்துக்கு ஏற்ப, எழுத்துச் சரத்தை (ஸ்ட்ரிங்கை) நினைவகத்தில் வைக்கும் முறையை அது மாற்றியது. பழைய முறையில் தொகுத்த லைப்ரரியும் புதிய முறையில் தொகுத்த நிரலும் ஒரே மூல நிரலிலிருந்து வந்திருந்தாலும் ஒன்றையொன்று புரிந்துகொள்ளாது. இங்கும் தொகுப்பியை எழுதியவர்கள் முன்யோசனையோடு புதிய சரத்துக்கு வேறு உள்பெயர் கொடுத்திருந்ததால், தப்பான விடை வருவதற்குப் பதிலாகப் பிழைச் செய்திதான் வந்தது. ஒரு பெப்டைடின் வரிசை, ஒரு கோப்பின் பெயர், ஓர் அமைப்பின் மதிப்பு என்று எல்லாமே சரங்களாக இருக்கும் எங்கள் துறையில் அந்த ஓராண்டு முழுவதும் எத்தனை பேர் தலையைப் பிய்த்துக்கொண்டார்கள் என்பதைச் சொல்லி மாளாது.

ஜிலிப்சியின் கதை இன்னும் நேரடியானது. பல்கலைக்கழகங்களின் கணினித் தொகுதிகளில் நெடுங்காலம் சென்ட்ஓஎஸ் 7 என்ற லினக்ஸ் வகை இருந்தது; அதற்கான ஆதரவு 2024 ஜூன் 30 அன்றுதான் முடிந்தது. அதில் இருக்கும் ஜிலிப்சி 2.17, 2012-ஆம் ஆண்டின் இறுதியில் வெளியானது. புதிய கணினியில் தொகுத்த ஒரு நிரலை அங்கே கொண்டுபோனால் ஜிலிப்சி 2.29 வேண்டும் என்று கேட்கும். ஏன் குறிப்பாக 2.29 என்று நான் வியந்ததுண்டு. அடுக்கேற்றம், மடக்கை, படி ஆகியவற்றைக் கணக்கிடும் எக்ஸ்ப், லாக், பவ் சார்புகளுக்கு அந்த வெளியீட்டில் புதிய பதிப்புக் குறி இடப்பட்டது. ஒரு நிறமாலைக்கும் பெப்டைடுக்கும் உள்ள பொருத்தத்துக்கு மதிப்பெண் போடும் எந்த நிரலும் மடக்கை இல்லாமல் ஓடாது. ஆகவே எங்கள் துறையின் மென்பொருள்கள் அந்தச் சுவரில் தவறாமல் முட்டிக்கொள்ளும்.

இவையெல்லாம் கதவைத் தட்டிவிட்டு வருபவை. என் தவறு அப்படி வரவில்லை.

2023-ஆம் ஆண்டு தென்னாப்பிரிக்காவில் மின்வெட்டு மிகக் கடுமையாக இருந்ததை இங்கு வாழ்ந்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். லோட் ஷெட்டிங் அட்டவணையைப் பார்த்துத்தான் சமையலும் நடந்தது, ஆய்வும் நடந்தது. இரண்டு மணி நேரம், சில வேளைகளில் நான்கு மணி நேரம் மின்சாரம் போகும். எங்கள் யுபிஎஸ் அவ்வளவு தாங்காது என்பதால் சர்வரை முன்கூட்டியே அணைத்துவிடுவோம். அந்த நாள்களில் நான் ஒரு சோதனையில் இறங்கியிருந்தேன். ஒரு பெப்டைடின் ஐசோடோப்புச் சிகரங்கள் எதிர்பார்த்த வடிவத்தோடு எவ்வளவு ஒத்துப்போகின்றன என்று மதிப்பெண் போடும் சார்பில் ஒரு வரியைத் தளர்த்தினால், மிக மங்கலான பெப்டைடுகளும் பிடிபடுமா என்று பார்க்க விரும்பினேன். ஓப்பன்எம்எஸ்ஸின் மூல நிரலை எடுத்து, அந்த ஒரு வரியை மட்டும் மாற்றி, தனி அடைவில் தொகுத்தேன். கருவி நிரல்கள் என்னுடைய லைப்ரரியை எடுத்துக்கொள்வதற்காக எல்டி_லைப்ரரி_பாத் மாறியில் அந்த அடைவைச் சேர்த்தேன். ஒவ்வொரு மின்வெட்டுக்குப் பிறகும் சர்வர் எழுந்ததும் அந்த வரியை மறுபடியும் தட்டச்சு செய்ய வேண்டியிருந்தது. மூன்றாம் நாள் அலுத்துப்போய், எல்லாப் பயனர்களுக்கும் பொதுவான தொடக்கக் கோப்பில் அதை எழுதி வைத்தேன். என் கணக்கில் மட்டும் எழுதியிருக்கலாம். அப்போது இருந்த அவசரத்தில் அது தோன்றவில்லை.

ஒரு வாரத்தில் சோதனை தோற்றது. மங்கலான பெப்டைடுகளோடு இரைச்சலும் சேர்ந்து வந்தது. நான் கைவிட்டேன், வேறு வேலைக்குப் போனேன், தொடக்கக் கோப்பில் இருந்த அந்த ஒரு வரியை மறந்தேன்.

பிறகு சர்வரில் உருவாக்கக் குழு வெளியிடும் முறையான தொகுப்பையே நிறுவினோம். என் சோதனையும் அதே வெளியீட்டின் மூல நிரலிலிருந்து வந்தது. நான் மாற்றியது ஒரு சார்பின் உட்புறத்தை மட்டுமே. அதன் பெயரோ, அது வாங்கும் தரவின் வடிவமோ மாறவில்லை. ஆகவே காணாத சார்பு என்ற பிழைச் செய்திக்கு இடமில்லை, பதிப்பு முரணுக்கும் இடமில்லை. நிரலில் இருந்தது ரன்பாத். சூழல் மாறி அதற்கு முன்னால் நின்றது. முறையான கருவி, முறையற்ற லைப்ரரி, இரண்டும் கச்சிதமாகப் பொருந்திவிட்டன. அமைப்புக் கோப்பை எத்தனை முறை ஒப்பிட்டாலும் இது தெரிந்திருக்காது.

மாணவிதான் கண்டுபிடித்தார். அதுவும் எளிய வழியில். இரண்டு கணினிகளிலும் ஃபீச்சர்ஃபைண்டர் கருவியின் உதவிப் பக்கத்தைத் திறந்து, இரண்டு திரைகளையும் அருகருகே வைத்து எழுத்தெழுத்தாக ஒப்பிட்டார். டாப் கருவிகள் தம் வெளியீட்டு எண்ணுக்குப் பக்கத்தில் தொகுக்கப்பட்ட நாளையும் நேரத்தையும் அச்சிடும். எண் ஒன்றாக இருந்தது. நாள் வேறாக இருந்தது. சர்வர் காட்டிய நேரம் ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு பதினொன்றரை.

"ஜெர்மனியில் ஞாயிற்றுக்கிழமை ராத்திரியில் வேலை செய்வார்களா, அண்ணா?"

அந்த நேரம் எங்கள் சர்வரின் நேரம் என்பது எனக்கு அப்போதே விளங்கிவிட்டது. அந்த வரியை அச்சிடுவது கருவி நிரல் அன்று, அது ஏற்றிக்கொண்ட லைப்ரரி; ஆகவே எந்த லைப்ரரி ஏறியிருக்கிறதோ அதன் பிறந்த நாள்தான் திரையில் தெரியும். எல்டிடி கட்டளையைக் கொடுத்தேன். ஒரு நிரல் எந்தெந்த லைப்ரரியை எங்கிருந்து எடுக்கும் என்று அது வரிசையாகக் காட்டும். நாற்பதுக்கும் மேற்பட்ட வரிகளில் ஏறத்தாழ எல்லாம் யூஎஸ்ஆர் லிப் என்று தொடங்கின. ஒரே ஒரு வரி என் பயனர் பெயரையும், அதை அடுத்து "சோதனை2" என்ற அடைவையும் காட்டியது. என் பெயரை அந்தத் திரையில் பார்த்தபோது ஏற்பட்ட கூச்சம் இன்னும் போகவில்லை.

எல்டிடி பற்றி இரண்டு எச்சரிக்கைகள். நம்பகமற்ற இடத்திலிருந்து வந்த நிரலின் மேல் அதை ஏவக் கூடாது. சில சூழல்களில் அது அந்த நிரலையே ஓட்டிவிடக்கூடும். அதற்குப் பதிலாக ரீட்எல்ஃப் கட்டளையால் தேவைப் பட்டியலை மட்டும் படிக்கலாம். இரண்டாவது, நிரல் ஓடத் தொடங்கிய பிறகு கேட்டு வாங்கும் செருகுநிரல் லைப்ரரிகள் எல்டிடியில் தெரியா. டாப்வியூ போன்ற வரைகலைக் கருவியைச் சர்வரில் திறக்க முயன்று, க்யூட்டியின் எக்ஸ்சிபி செருகுநிரலை ஏற்ற முடியவில்லை என்ற செய்தியைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். ஓடிக்கொண்டிருக்கும் நிரல் உண்மையில் எவற்றை ஏற்றியிருக்கிறது என்று அறிய, ப்ராக் அடைவில் அந்த நிரலின் எண்ணுக்குக் கீழ் இருக்கும் மேப்ஸ் கோப்பைப் படிப்பதே உறுதியான வழி.

அந்த வாரம் இன்னொரு கோணமும் எங்கள் பேச்சில் வந்தது. தவறான கோப்பு ஏறினால் மட்டுமே கேடு என்பதில்லை. சரியான லைப்ரரியும் பக்கத்து லைப்ரரியின் காலை வாரலாம். தென்னாப்பிரிக்காவில் தசமத்துக்கு அதிகாரபூர்வமாகக் காற்புள்ளி. பள்ளிப் புத்தகத்தில் ஒன்றரை என்பதை 1,5 என்றே எழுதுவார்கள். விண்டோஸில் தென்னாப்பிரிக்க ஆங்கிலத்தைத் தேர்ந்தெடுத்தாலும் காற்புள்ளியே வரும். தமிழ்நாட்டிலிருந்து வந்த புதிதில் நான் இதனால் அட்டவணைக் கோப்புகளோடு பட்டபாடு தனி. லினக்ஸில் எண்ணை எப்படிப் படிப்பது என்ற வட்டார அமைப்பு ஒரு நிரல் முழுவதற்கும் பொதுவானது. க்யூட்டி தொடங்கும்போது கணினியின் வட்டார அமைப்பை அந்த நிரலுக்கும் ஏற்றிவிடும். காற்புள்ளி வழங்கும் வட்டாரத்தில், அதே நிரலில் இருக்கும் இன்னொரு லைப்ரரி 57.02146 என்ற எழுத்தை எண்ணாக மாற்றச் சொன்னால், சி லைப்ரரி புள்ளியைக் கண்டதும் நின்று 57 என்று கொடுத்துவிடும். சிஸ்டீன் என்ற அமினோ அமிலத்தின் மேல் நாங்கள் வேண்டுமென்றே ஏற்றும் கார்பமிடோமெத்தில் மாற்றத்தின் நிறை அது. 0.01 டால்டனைப் பெரிதாக மதிக்கும் துறையில் 0.02146 போனால், சிஸ்டீன் உள்ள பெப்டைடுகள் பலவும் சத்தமின்றி மறைந்துவிடும். நிறமாலைகளைச் சேமிக்கும் எம்இசட்எம்எல் கோப்பில் சிகரங்களின் வரிசை இரும வடிவில் குறியேற்றப்பட்டிருப்பதால் அது தப்பிக்கும்; ஆனால் துண்டாக்கத் தேர்ந்தெடுத்த அயனியின் நிறை-மின்னூட்ட விகிதம் வெறும் எழுத்தாக அங்கே நிற்கிறது. க்யூட்டியின் ஆவணமே இதை எச்சரித்து, தொடங்கியவுடன் எண்களுக்கான வட்டாரத்தைப் பழைய நிலைக்குத் திருப்பும்படி அறிவுறுத்துகிறது.

எம்இசட்எம்எல் என்றதும் நினைவுக்கு வருகிறது. ஒவ்வொரு கருவி நிறுவனத்துக்கும் ஒரு மூலக் கோப்பு வடிவம் இருப்பதால், 2008-இல் மனிதப் புரோட்டியோம் அமைப்பான ஹ்யூப்போவின் தர நிர்ணயக் குழு இந்தப் பொது வடிவத்தை வெளியிட்டது. ஆனால் மூலக் கோப்பிலிருந்து பொது வடிவத்துக்கு வரும் பாலம் இன்றும் பெரும்பாலும் நிறுவனங்கள் தரும் விண்டோஸ் டிஎல்எல் லைப்ரரிகள்தாம். ப்ரோட்டியோவிசார்டின் எம்எஸ்கன்வெர்ட் அவற்றைச் சேர்த்தே வருகிறது. லினக்ஸில் அவற்றை ஓட்டுவதற்காக ஒயின் என்ற இடைநிலை மென்பொருளோடு ஒரு கன்டெய்னருக்குள் (தேவையானவற்றையெல்லாம் சேர்த்துக் கட்டிய மென்பொருள் பெட்டிக்குள்) அடைத்து வைத்திருக்கிறார்கள். எங்கள் சங்கிலியின் முதல் கண்ணியே இப்படி உள்ளே பார்க்க முடியாத லைப்ரரியில் தொங்குகிறது என்பதை ஆய்வுக் கட்டுரைகளின் செய்முறைப் பகுதிகளில் யாரும் எழுதுவதில்லை. எந்த மென்பொருள், எந்த வெளியீடு என்று ஒரு வரி இருக்கும். அந்த வரி எனக்கு இப்போது போதவில்லை. கணக்கிட்டது எந்தக் கோப்பு என்பதே கேள்வி.

தொடக்கக் கோப்பிலிருந்த வரியை அன்றே நீக்கினேன். அதைவிடக் கடினமான வேலை பின்னால் இருந்தது. இடைப்பட்ட மாதங்களில் அந்தச் சர்வரில் ஓடிய கணக்குகள் அனைத்தையும் பட்டியலிட்டு, இரண்டு மாணவர்களிடம் போய் நடந்ததைச் சொல்லி, அவர்களுடைய தரவை மறுபடி ஓட்டினேன். நல்லவேளையாகக் கட்டுரை எதுவும் அச்சேறியிருக்கவில்லை. ஆனால் ஒரு மாநாட்டில் வைத்த விளக்கப் பலகையில் இருந்த ஒரு வரைபடம் மாறியது. அந்த மாணவர் என்மேல் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குச் சற்று ஆறுதலாக இருந்திருக்கும்.

கன்டெய்னருக்குள் எல்லாவற்றையும் அடைத்துவிட்டால் இந்தத் தொல்லை வராதே என்று நண்பர்கள் சொன்னார்கள். இப்போது பெரும்பாலான கணக்குகளை அப்டெய்னர் என்ற கன்டெய்னர் மென்பொருளில்தான் ஓட்டுகிறோம். லைப்ரரிகள் அனைத்தும் உள்ளேயே இருக்கின்றன. பயோகொண்டா என்ற மென்பொருள் களஞ்சியம் வழியாக நிறுவினாலும் ஒவ்வொரு சூழலுக்கும் தனி அடைவு கிடைக்கிறது. அவை நல்ல வேலிகள். ஆனால் வேலிக்குள்ளே எந்த மாடு நிற்கிறது என்று பார்க்கும் வேலை மிச்சமிருக்கிறது. மாணவி தம் ஆய்வேட்டின் பின்னிணைப்பில் ஒரு முழுப் பக்கத்தை இதற்காக ஒதுக்கினார். அவருடைய கணக்குகளின்போது ஏறிய ஒவ்வொரு லைப்ரரியின் முகவரி, எஸ்ஓநேம், கோப்பின் கைரேகை போன்ற ஷா256 சுருக்க எண் ஆகியவற்றோடு, பெப்டைடு மாற்றங்களின் நிறைகளைத் தரும் யூனிமாட் கோப்பின் சுருக்க எண்ணையும் சேர்த்தார். அந்தக் கோப்பு நிரலே இல்லை, வெறும் தரவு. ஆனால் ஓப்பன்எம்எஸ்_டேட்டா_பாத் என்ற இன்னொரு சூழல் மாறி அதையும் வேறு இடத்துக்குத் திருப்பிவிட முடியும் என்பதை அவரே கவனித்துச் சொன்னார்.

என் சோதனை லைப்ரரியை அழித்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். அவர் வேண்டாம் என்றார். தவறு செய்த கோப்பும் சான்றுதானே என்பது அவர் வாதம். அப்படியானால் அதை யாரும் தெரியாமல் எடுத்துவிடாதபடி செய்ய வேண்டும். கோப்பின் பெயரை மாற்றுவதோடு நிற்கவில்லை. பேட்ச்எல்ஃப் என்ற கருவியால் அதன் எஸ்ஓநேமையும் மாற்றி, என் சோதனைக் கருவிகளின் தேவைப் பட்டியலிலும் அந்தப் புதுப்பெயரையே எழுதினோம். இனி முறையான கருவி எதுவும் அதைத் தேடிவராது. என்ன பெயர் வைப்பது என்று கேட்டேன். அவர் தம் பாட்டி வீட்டுப் பித்தளைச் செம்பின் படத்தைக் கைப்பேசியில் காட்டினார். கழுத்துக்குக் கீழே, ஆணியால் புள்ளி புள்ளியாகத் தட்டி, கோணல்மாணலாக ஒரு பெயர் வெட்டியிருந்தது. கடைசி எழுத்துக்கு இடம் போதாமல் அது மட்டும் கீழே இறங்கியிருந்தது. பிறகு விசைப்பலகையைத் தம் பக்கம் இழுத்து, எஸ்ஓநேம் கேட்ட இடத்தில் என் பெயரைத் தட்டினார்.